கடனுக்குப் போன எகிப்து, கண்டிக்கு வந்த பாஷா

(ஒலி எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சில இடங்களில் சுருக்கித் திருத்தியிருக்கிறோம்.)

போன எபிசோடுக்கு வந்த மெசேஜ்ல ஒண்ணு என்னை ரொம்ப நாள் விடவே இல்லை. ஒரு செக்கிங் யூனிட்ல வேலை பார்க்கிற தம்பி அனுப்பினது. "அண்ணா, அமெரிக்காக்காரன் 2025 ஆகஸ்டுல நமக்கு 50 சதவீதம் வரி போட்டான். எகிப்துக்கு அப்போ 10 சதவீதம்தானாம். அவங்க எப்படி பனியன் தைக்க ஆரம்பிச்சாங்க? எகிப்துன்னா பிரமிடுதானே?"

நல்ல கேள்வி. எனக்கும் ஸ்கூல் புத்தகத்துல எகிப்துன்னா பிரமிடு, மம்மி, நைல் நதி, அதோட சரி. நடுவுல ரெண்டாயிரம் வருஷத்தைத் தாண்டிக் குதிச்சா நாசர், நேரு, அணிசேரா இயக்கம், ஒரு போட்டோ. அந்த இடைவெளியில என்ன நடந்ததுன்னு யாரும் சொல்லித் தரலை. ஆனா அந்த இடைவெளியிலதான் நம்ம ஊருக்கு வேண்டிய கதை இருக்கு. அது பஞ்சோட கதை, கடனோட கதை.

நான் வளர்ந்தது காதர்பேட்டையில. வெளியூர்ல இருந்து கேட்கிறவங்களுக்காகச் சொல்றேன்: திருப்பூர்ல எக்ஸ்போர்ட்டுக்குத் தைச்சு மிஞ்சின லாட், செகண்ட்ஸ், உள்ளூர் பிராண்டு எல்லாம் மொத்தமா விக்கிற மார்க்கெட் இது. நைஜீரியாவுல இருந்து வந்து பண்டல் பண்டலா வாங்கிட்டுப் போறவங்களை இந்தத் தெருக்கள்ல பார்த்திருப்பீங்க. ஆப்பிரிக்கான்னா எங்களுக்கு மேப்புல இருக்கிற படம் மட்டும் இல்லை, கடை வாசல்ல பேரம் பேசற ஆள். ஆனா நாம இன்னைக்குப் பேசப்போறது ஆப்பிரிக்காவோட வடக்கு முனை. அங்க போறதுக்கு 1820ஆம் வருஷத்துல ஆரம்பிக்கணும்.

அப்போ எகிப்து பெயரளவுக்கு உதுமானிய சுல்தானோட மாகாணம். நிஜத்துல ஆண்டது முகமது அலி பாஷா. அல்பேனிய வம்சத்துல வந்த ஒரு படைத்தலைவர், 1805ல ஆட்சிக்கு வந்தவர். ஜூமெல்னு ஒரு பிரெஞ்சுக்காரர் கெய்ரோவுல ஒரு தோட்டத்துல நீண்ட இழைப் பருத்திச் செடியைப் பார்த்து, இதைப் பெரிய அளவுல பயிர் பண்ணலாம்னு பாஷாகிட்டச் சொன்னார். 1820களின் தொடக்கத்துல அது நைல் டெல்டா முழுக்கப் பரவிடுச்சு. விவசாயி விளைவிக்கணும், பாஷா சொன்ன விலைக்கு பாஷாகிட்டதான் கொடுக்கணும், பாஷா ஐரோப்பாவுக்கு வித்து லாபம் பார்ப்பார். அந்தக் காசுல நூற்பாலை, நெசவாலை, ஆயுதத் தொழிற்சாலை, பெரிய ராணுவம். விவசாயிக்கு அது நரகம்தான், அதுல சந்தேகமே இல்லை. ஆனா ஐரோப்பாவுக்கு வெளியே ஒரு நாடு தானே தன் பஞ்சை நூலாக்கி, துணியாக்கி, பீரங்கியும் செய்யுதுன்னா அது சின்ன விஷயம் இல்லை.

பிரிட்டனுக்கு அது பிடிக்கலை. 1838ல சுல்தானோட ஒரு வர்த்தக ஒப்பந்தம் போட்டாங்க. அரசாங்க ஏகபோகம் கூடாது, வெளிநாட்டுச் சரக்குக்கு இறக்குமதி வரி ரொம்பக் குறைவாத்தான் இருக்கணும். எகிப்தும் சுல்தானுக்குக் கட்டுப்பட்டதுதானே, அதுக்கும் சேர்த்து. 1841ல முகமது அலியோட ராணுவத்தையும் 18,000 பேருக்கு மேல போகக்கூடாதுன்னு வெட்டிட்டாங்க. ராணுவம் சுருங்கினதும் அதுக்குத் துணி கொடுத்த ஆலைகளும் சுருங்கிப் போச்சு. வெளிநாட்டுத் தலையீடுன்னா கப்பல்ல சிப்பாய் வந்து இறங்கறதுன்னு நினைக்கிறோம். எகிப்துல முதல்ல வந்தது வரி விகிதம்.

அடுத்தது அமெரிக்க உள்நாட்டுப் போர், 1861ல இருந்து 1865 வரை. அமெரிக்கத் தென் மாகாணப் பஞ்சு வராம மான்செஸ்டர் மில்லெல்லாம் தவிக்குது. பஞ்சு விலை மேல ஏறுது. எகிப்து விவசாயி கோதுமையைத் தள்ளி வச்சிட்டுப் பருத்தி போடறான். நம்ம பக்கமும் அதே கதைதான். பம்பாய்ல அப்போ பஞ்சுப் பணம் மழையாக் கொட்டி, பிரேம்சந்த் ராய்சந்துன்னு ஒருத்தர் ராஜாவா இருந்தார். கடலைத் தூர்த்து நிலமாக்கப் போறோம்னு கம்பெனி ஆரம்பிச்சு ஷேர் விலையைத் தூக்கிவிட்டாங்க. 1865ல போர் முடிஞ்சதும் எல்லாம் தரைமட்டம். திருப்பூர்ல ஒரு சீசன் ஆர்டரைப் பார்த்து மெஷினை இரட்டிப்பாக்கி, அடுத்த சீசன்ல தவணை கட்ட முடியாம நிக்கிற ஆளை நம்ம எல்லாருக்கும் தெரியும். அதோட பெரிய வடிவம் அது.

பம்பாய்ல விழுந்தது வியாபாரிங்க. எகிப்துல விழுந்தது நாடு.

அங்க 1863ல ஆட்சிக்கு வந்தவர் இஸ்மாயில், முகமது அலியோட பேரன். பஞ்சுப் பணம் கொட்டற நேரத்துல நாற்காலியில உட்கார்ந்தவர். ரயில் பாதை, வாய்க்கால், தந்தி, துறைமுகம், பள்ளிக்கூடம், பாரிஸ் மாதிரி கெய்ரோவுல அகலத் தெரு, ஓபரா ஹவுஸ். கூடவே அரண்மனைகள். பல புத்தகங்கள் இவரை வெறும் ஊதாரின்னு ஒரே வார்த்தையில முடிச்சிடும். எனக்கு அது ஒப்புதல் இல்லை. அரண்மனைக்குப் போனது போக, அந்தக் கடன்ல ஒரு நல்ல பங்கு இன்னைக்கும் எகிப்துல ஓடற ரயிலுக்கும் வாய்க்காலுக்கும் போயிருக்கு. சூயஸ் கால்வாய் அவருக்கு முன்னாடியே ஆரம்பிச்சது. ஃபெர்டினாண்ட் டி லெசெப்ஸ்ங்கிற பிரெஞ்சுக்காரருக்கு 1854ல அனுமதி கொடுத்தது முந்தின ஆட்சியாளர் சயீது. வெட்டறதுக்குக் கூலியே சரியாக் கொடுக்காம ஆயிரக்கணக்கான விவசாயிகளைக் கட்டாய வேலைக்குப் பிடிச்சுட்டு வந்தாங்க. 1869 நவம்பர் 17ல திறந்தாங்க. அந்தத் திறப்பு விழாச் செலவே தனிக் கதை.

இப்போ கடனைப் பார்ப்போம். இதைக் கொஞ்சம் நிதானமாச் சொல்றேன், ஏன்னா இதுதான் இந்தக் கதையோட மையம்.

கந்துவட்டிக்காரர்கிட்ட பத்தாயிரம் கேட்டா என்ன செய்வார்? முன்வட்டியைப் பிடிச்சுக்கிட்டு எட்டாயிரத்து ஐந்நூறு கையில கொடுப்பார். நோட்டுல எழுதறது பத்தாயிரம். வட்டியும் பத்தாயிரத்துக்குத்தான். லண்டனிலயும் பாரிஸிலயும் இருந்த பெரிய வங்கிகள் எகிப்துக்குச் செஞ்சது இதேதான், கோட் சூட் போட்டுக்கிட்டு. 1873ல வாங்கின பெரிய கடன் 3.2 கோடி பவுண்டுன்னு எழுதப்பட்டது. கழிவு, கமிஷன் எல்லாம் போக எகிப்து கைக்கு வந்தது சுமார் 2 கோடி பவுண்டுதான். அதுலயும் ஒரு பகுதி ரொக்கமா வரலை, பழைய கடன்பத்திரமா வந்தது. இஸ்மாயில் ஆட்சிக்கு வந்தப்போ எகிப்தோட வெளிநாட்டுக் கடன் சுமார் 30 லட்சம் பவுண்டு. 1876ல அது 9 கோடி பவுண்டைத் தொட்டுடுச்சு. பழைய கடனைக் கட்டப் புதுக் கடன், அதுக்கு வட்டி கட்ட இன்னொரு கடன்.

1875 நவம்பர்ல வேற வழியில்லாம கால்வாய் கம்பெனியில எகிப்துக்கு இருந்த பங்குகளை விலைக்கு வச்சார். 1,76,602 பங்கு, மொத்தத்துல ஏறக்குறைய 44 சதவீதம். பிரிட்டிஷ் பிரதமர் டிஸ்ரேலி, பார்லிமெண்ட் கூடாத நேரத்துல, ராத்ஸ்சைல்டு வங்கியில கடன் வாங்கி, சுமார் 40 லட்சம் பவுண்டுக்கு அதை வாங்கிட்டார். இதுல ஒரு கொடுமை என்னன்னா, அந்தப் பங்குகளோட டிவிடெண்டை இஸ்மாயில் 1894 வரைக்கும் ஏற்கனவே அடகு வச்சிருந்தார். அதனால பங்கை வித்த எகிப்து, வாங்கின பிரிட்டனுக்கு அத்தனை வருஷமும் 5 சதவீத வட்டி கட்ட வேண்டி வந்தது. வித்தவன் வாங்கினவனுக்கு வட்டி கட்டறான்! காதர்பேட்டையில இப்படி ஒரு டீல் போட்டா டீக்கடையில வச்சு ஒரு மாசம் சிரிப்பாங்க.

அதுக்கடுத்த வருஷமே எகிப்தால தவணை கட்ட முடியலை. கடன் கொடுத்தவங்களுக்காகப் பொதுக் கடன் ஆணையம்னு ஒண்ணு 1876ல கெய்ரோவுலயே உட்கார்ந்தது. ரயில், சுங்கம், குறிப்பிட்ட மாகாணங்களோட நிலவரி, இதெல்லாம் எகிப்து கஜானாவுக்குப் போகாம நேரா அந்த ஆணையத்துக்குப் போகும். அதுக்கு மேல வரவைப் பார்க்க ஒரு ஆங்கிலேயர், செலவைப் பார்க்க ஒரு பிரெஞ்சுக்காரர். 1878ல அதுவும் போதாதுன்னு அமைச்சரவையிலயே வெள்ளைக்காரங்க. நிதியமைச்சர் ரிவர்ஸ் வில்சன், ஆங்கிலேயர். பொதுப்பணித் துறைக்கு ஒரு பிரெஞ்சுக்காரர். இந்தத் தேதியைக் கவனிங்க. இன்னும் ஒரு சிப்பாய்கூட இறங்கலை.

அந்த வருஷங்கள் நமக்கு வேற விதத்துல ஞாபகம் இருக்க வேண்டிய வருஷங்கள். 1876ல இருந்து 78 வரை, தாது வருஷப் பஞ்சம். நம்ம பாட்டிங்களோட பாட்டிங்க காலம். கோயம்புத்தூர், சேலம், மெட்ராஸ் மாகாணம் முழுக்கச் சனங்க செத்துக்கிட்டிருந்தப்போ தானியம் கப்பல் ஏறிப் போய்க்கிட்டிருந்தது. அதே 1877ல நைல்ல வெள்ளம் ரொம்பக் குறைஞ்சு, மேல் எகிப்துல பஞ்சம். அங்கயும் கடன் தவணைக்காக வரியை விடாம வசூல் பண்ணினாங்க. ஒரே பருவநிலைக் கோளாறு, ஒரே மாதிரி நிர்வாகம், ரெண்டு ஊர்ச் சாவு.

1879ல இஸ்மாயில் முறைச்சுக்கிட்டார். வெளிநாட்டு அமைச்சர்களை அனுப்பிட்டார். பிரிட்டனும் பிரான்சும் சுல்தானை நெருக்கி, ஜூன் மாசமே அவரைப் பதவியில இருந்து இறக்கி, மகன் தவ்பீக்கை உட்கார வச்சாங்க. அடுத்த வருஷம் ஒரு சட்டம் வந்தது. நாட்டோட வருமானத்துல ஏறக்குறைய பாதி கடனுக்கு. மிச்சத்துலதான் பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, ராணுவம் எல்லாம்.

இங்கதான் நம்ம ஹீரோ வர்றார். ஹீரோன்னு சொல்லலாமான்னு கடைசியில நீங்களே முடிவு பண்ணிக்கோங்க.

அகமது உராபி. 1841ல சகாசிக் ஊர்ப் பக்கம் ஒரு கிராமத்துல பிறந்தவர். விவசாயக் குடும்பம். கொஞ்ச நாள் அல் அஸ்ஹர்ல படிச்சிட்டு ராணுவத்துல சேர்ந்து சீக்கிரமே கர்னல் ஆனார். அதுக்கு மேல போக முடியலை. ஏன்னா மேல் பதவியெல்லாம் துருக்கி, சர்க்காசிய வம்சத்துக்காரங்களுக்கு. அரபி பேசற உள்ளூர் விவசாயி மகனுக்குக் கதவு மூடியிருக்கும். இதோட, செலவைக் குறைக்கிறோம்னு ராணுவத்தை வெட்டறாங்க, அதிகாரிகளைப் பாதிச் சம்பளத்துல வீட்டுக்கு அனுப்பறாங்க. கடன்பத்திரக்காரனுக்கு முழு வட்டி, ராணுவக்காரனுக்குப் பாதிச் சம்பளம். எப்படி இருக்கும்?

1881 செப்டம்பர் 9. உராபி தன் படையோட கெய்ரோவுல அப்தீன் அரண்மனை முன்னாடி வந்து நின்னார். மூணு கோரிக்கை: அமைச்சரவை போகணும், சட்டசபை கூடணும், ராணுவத்தைப் பெருக்கணும். தவ்பீக் இறங்கி வந்தார், ஒத்துக்கிட்டார். 'எகிப்து எகிப்தியருக்கே'ங்கிற கோஷம் அந்த மாசங்கள்ல ஊரெல்லாம் பரவுச்சு. நிலக்கிழார், உலமா, பத்திரிகைக்காரர், கிராமத்து விவசாயின்னு பல தரப்பும் பின்னாடி வந்தாங்க.

சட்டசபை கூடினதும் அவங்க கேட்டது என்ன தெரியுமா? கடனை ரத்து பண்ணுன்னு கேக்கலை. கடனுக்கு ஒதுக்கின பாதியைத் தொடவே மாட்டோம், மிச்சம் இருக்கிற பாதி பட்ஜெட்டை மட்டுமாவது நாங்க ஓட்டுப் போட்டு முடிவு பண்றோம்னு கேட்டாங்க. அவ்வளவுதான். பிரிட்டனும் பிரான்சும் அதுக்கும் முடியாதுன்னு சொல்லிட்டாங்க. 1882 ஜனவரியில கூட்டாக ஒரு எச்சரிக்கைக் குறிப்பு அனுப்பினாங்க, தவ்பீக்குக்கு ஆதரவா. அது நெருப்புல எண்ணெய். பிப்ரவரியில உராபி போர் அமைச்சர் ஆயிட்டார்.

மே மாசம் அலெக்சாண்ட்ரியா துறைமுகத்துல ரெண்டு நாட்டுக் கப்பல்களும் வந்து நின்னுச்சு. ஜூன் 11ல ஊருக்குள்ள கலவரம், ஐரோப்பியர்களும் எகிப்தியர்களும் செத்தாங்க. கோட்டைகளைப் பலப்படுத்தறதை நிறுத்துன்னு பிரிட்டிஷ் அட்மிரல் சீமோர் கெடு வச்சார். பிரெஞ்சுக் கப்பல்கள் நமக்கு வேண்டாம் இந்த வேலைன்னு விலகிப் போயிடுச்சு. ஜூலை 11 காலையில குண்டு வீச்சு ஆரம்பிச்சது. ஊர் எரிஞ்சது.

அப்போ பிரிட்டிஷ் பிரதமர் யாருன்னா கிளாட்ஸ்டன். லிபரல், தேவபக்தர், எதிர்க்கட்சியில இருந்தப்போ ஏகாதிபத்தியத்தைத் திட்டித் தீர்த்தவர். அவரோட டைரியையும் கணக்கையும் பின்னாடி ஆராய்ஞ்சவங்க ஒண்ணைக் கண்டுபிடிச்சாங்க. அந்தச் சமயத்துல அவரோட சொந்த முதலீட்டுல மூணுல ஒரு பங்குக்கு மேல எகிப்து சம்பந்தப்பட்ட கடன்பத்திரங்கள். அதுக்காகத்தான் குண்டு போட்டார்னு நான் சொல்லலை. பிரிட்டன் போனது இந்தியாவுக்குப் போற கால்வாய் வழியைக் காப்பாத்தத்தான்னு ஒரு கூட்டம் வரலாற்றாசிரியர்கள், இல்லை கடன்பத்திரம்தான் காரணம்னு இன்னொரு கூட்டம், இன்னும் வாதாடிக்கிட்டிருக்காங்க. என் கணக்குல ரெண்டும் ஒரே கஜானாவோட ரெண்டு பூட்டு.

கால்வாயில ஒரு துரோகமும் நடந்தது. கால்வாயை அடைச்சிடலாம்னு உராபி பக்கம் யோசனை இருந்தது. கால்வாய் நடுநிலையானது, அந்த வழியா பிரிட்டிஷ்காரங்க வர விடமாட்டேன்னு லெசெப்ஸ் உறுதி சொன்னார். உராபி காத்திருந்தார். ஆகஸ்ட்ல ஜெனரல் உல்ஸ்லி அதே கால்வாய் வழியா வந்து இஸ்மாயிலியாவுல இறங்கிட்டார். லெசெப்ஸ் கத்தினதை யாரும் காதுல போட்டுக்கலை.

செப்டம்பர் 13. டெல் எல் கபீர். ராத்திரி முழுக்கப் பாலைவனத்துல நடந்து, விடியறதுக்கு முன்னாடி எகிப்துப் படை மேல பாய்ஞ்சாங்க. ஒரு மணி நேரம்கூட ஆகலை, முடிஞ்சு போச்சு. அடுத்த நாளே குதிரைப்படை கெய்ரோவுக்குப் போயிடுச்சு.

இந்தப் படையில யார் இருந்தாங்க? இந்தியாவுல இருந்து போன சீக்கிய, பஞ்சாபி, பலூச்சி சிப்பாய்களோட மெட்ராஸ் சாப்பர்ஸும் இருந்தாங்க. ராணுவத்துல 'தம்பிகள்'னு செல்லப் பேர் வாங்கின அதே படைதான், நம்ம தமிழ், தெலுங்கு ஆட்கள். இன்னைக்கும் அவங்க வாங்கின போர் விருதுப் பட்டியல்ல 'எகிப்து 1882', 'டெல் எல் கபீர்'னு இருக்கு. அந்தச் செலவுல ஒரு பகுதியை இந்திய வருவாய்க் கணக்குலயே ஏத்தினாங்க. அஞ்சு வருஷம் முன்னாடி தாது வருஷப் பஞ்சத்துல செத்த மாகாணம் அது. லண்டன்ல பத்திரம் வச்சிருந்தவங்களுக்கு வட்டி நிக்காம இருக்க, நம்ம ஊர் வரிப்பணம்.

உராபிக்கு மரண தண்டனைன்னு தீர்ப்பு. உடனே அதை நாடுகடத்தலா மாத்தினாங்க. அவருக்கு ஆதரவா நின்ன வில்ஃப்ரிட் பிளண்ட்ங்கிற ஆங்கிலேயக் கவிஞர், தன் காசுல லண்டன் வக்கீல்களை அனுப்பி வழக்காட வச்சது அதுக்கு ஒரு முக்கியக் காரணம். எங்க அனுப்பறது? இலங்கைக்கு.

1883 ஜனவரி 10ஆம் தேதி, உராபியோட சேர்த்து ஏழு பேர், குடும்பம், வேலையாட்களோட கொழும்புல வந்து இறங்கினாங்க. கரையில அவங்களைப் பார்க்கத் திரண்ட கூட்டத்துல பெரும்பாலும் தமிழ் பேசற முஸ்லிம்கள். அதுக்குச் சில வாரம் முன்னாடிதான், 1882 டிசம்பர்ல, கண்டியில பிறந்த வழக்கறிஞர் சித்திலெப்பை 'முஸ்லிம் நேசன்'னு ஒரு பத்திரிகை ஆரம்பிச்சிருந்தார். எகிப்துல குண்டு விழுந்த செய்தியும் பாஷா வந்த செய்தியும் எங்கயோ நடந்த உலகச் செய்தி இல்லை அவங்களுக்கு. துறைமுகத்துக்குப் போய் நேர்லயே பார்க்கக்கூடிய செய்தி.

சித்திலெப்பை 1885ல 'அசன்பே சரித்திரம்'னு ஒரு நாவல் எழுதினார். 'பிரதாப முதலியார் சரித்திரம்' வந்து ஆறே வருஷத்துல. இலங்கையில வந்த முதல் தமிழ் நாவல்னு இதைச் சொல்வாங்க. எகிப்துல பிறந்து, குழந்தையிலயே பம்பாய்க்குக் கடத்தப்பட்டு வளர்ற அசன்தான் கதாநாயகன். தமிழ் நாவல் பிறந்த கொஞ்ச நாள்லயே கெய்ரோவுக்குப் போயிட்டு வந்திடுச்சு. இதை நம்ம தமிழ்ப் பாடத்துல ஏன் பெரிசாச் சொல்றதில்லைன்னு எனக்கு ஒரு ஆதங்கம் உண்டு.

உராபியும் சித்திலெப்பையும் சேர்ந்து பேசினது பெரும்பாலும் படிப்பைப் பற்றி. முஸ்லிம் பையன்கள் இங்கிலீஷ் பள்ளிக்கூடம் போனா மதம் மாறிடுவாங்கன்னு பயந்து வீட்டோட இருந்த காலம். 1892ல கொழும்பு மருதானையில ஆரம்பிச்ச பள்ளி, பின்னாடி சாஹிரா கல்லூரி ஆச்சு. அதோட தொடக்கத்துல உராபிக்கும் பங்கு உண்டு. அவங்க போட்டிருந்த சிவப்புத் துருக்கித் தொப்பியும் ஊர்ல பரவிடுச்சு. 1905ல வழக்கறிஞர் எம்.சி. அப்துல் காதர் அந்தத் தொப்பியோட உச்ச நீதிமன்றத்துல வழக்காட முடியாதுன்னு தலைமை நீதிபதி தடுத்தப்போ, இலங்கை முஸ்லிம்கள் பெரிய கூட்டம் போட்டுப் போராடி ஜெயிச்சாங்க.

ஆனா இதை ஒரு இனிப்பான கதையாச் சொல்லிட்டுப் போக எனக்கு மனசு வரலை. அந்த ஏழு பேர்ல மூணு பேர் இலங்கை மண்ணுலயே செத்துப் போனாங்க. முன்னாள் பிரதமர், நவீன அரபுக் கவிதையோட முன்னோடின்னு சொல்ற மஹ்மூது சாமி அல் பாரூதி, 'சரந்தீப்'ல இருந்து மனைவி செத்த துக்கத்தையும் ஊர் ஏக்கத்தையும் கவிதையா எழுதிக்கிட்டிருந்தார். 1900க்குள்ள பார்வை மங்கித்தான் ஊர் திரும்பினார். உராபி கொழும்புல இருந்து கண்டிக்கு மாறி, மன்னிப்புக் கேட்டு மனு மேல மனு போட்டு, 1901லதான் விடுதலையானார். பதினெட்டு வருஷம். எகிப்து போனா வரவேற்பு இல்லை. புதுத் தலைமுறைத் தேசியவாதிகள், உன்னாலதான் வெள்ளைக்காரன் உள்ள வந்தான்னு முகத்தைத் திருப்பிக்கிட்டாங்க. ஒரு பெரிய கவிஞர் கேலி பண்ணிக் கவிதையே எழுதினார். 1911ல செத்தார். கண்டியில அவர் இருந்த வீடு இப்போ அருங்காட்சியகம். மலை ஏறப் போறவங்க ஒரு எட்டு பார்த்துட்டு வாங்க.

சரி, தம்பியோட கேள்விக்கு வர்றேன்.

கொஞ்ச நாள்ல போயிடுவோம்னு சொல்லித்தான் பிரிட்டன் உள்ள வந்தது. அதிகாரம் நடத்தினவர் ஈவ்லின் பேரிங், பின்னாடி குரோமர் பிரபு. பேரிங் வங்கிக் குடும்பம், நம்ம கல்கத்தாவுல வைஸ்ராய் கவுன்சில்ல நிதி பார்த்துட்டுப் போனவர். 1907 வரைக்கும் அவர்தான் எல்லாம். கடன் வட்டி ஒழுங்காப் போச்சு, பாசனம் பெருகுச்சு, பஞ்சு கூடுச்சு. பஞ்சு மட்டும்தான் கூடுச்சு. 1901ல உள்ளூர் ஆலைத் துணி மேல 8 சதவீத உற்பத்தி வரி போட்டார். லங்காஷயர் துணிக்கு உள்ளூர் மில் போட்டியா வந்திடக்கூடாதுன்னு. இது எங்கயோ கேட்ட மாதிரி இருக்கா? 1896ல இருந்து இந்திய மில் துணிக்கு மூன்றரை சதவீத உற்பத்தி வரி. அதே லங்காஷயர், அதே காரணம். நம்ம வரி போனது 1920களின் நடுவுல. நம்ம மில்லும் அவங்க மில்லும் ஒரே கையாலதான் அமுக்கப்பட்டது.

இன்னொரு சொந்தமும் உண்டு. 1970களின் நடுவுல கோயம்புத்தூர்ல உருவாக்கின 'சுவின்' பருத்தி, உலகத் தரமான நீண்ட இழை. 'சுஜாதா'வையும் 'வின்சென்ட்'டையும் ஒட்டுச் சேர்த்தது. அந்த சுஜாதா, எகிப்தோட 'கர்னாக்' ரகத்துல இருந்து தேர்ந்தெடுத்தது.

1919ல எகிப்துல பெரிய புரட்சி. அதுக்குப் பிறகு 1920ல தலாத் ஹர்ப்ங்கிறவர் எகிப்தியர் பணத்துலயே ஒரு வங்கி ஆரம்பிச்சார், பாங்க் மிஸ்ர். அந்த வங்கி 1927ல டெல்டாவுல மஹல்லா அல் குப்ராங்கிற ஊர்ல ஒரு நூற்பு, நெசவு ஆலையைக் கட்டுச்சு. எகிப்தோட திருப்பூர்னா அதுதான். தம்பி, நீ கேட்டதுக்கு நேர் பதில் இங்க இருக்கு. அவங்க புதுசா தைக்க ஆரம்பிக்கலை. 1838ல நிறுத்தினதை 1927ல மறுபடி ஆரம்பிச்சாங்க.

கடைசி பிரிட்டிஷ் சிப்பாய் எகிப்தை விட்டுப் போனது 1956 ஜூன் மாசம். 74 வருஷம். அடுத்த மாசமே நாசர் கால்வாயை நாட்டுடைமை ஆக்கினார். ரேடியோ பேச்சுல 'லெசெப்ஸ்'ங்கிற பேரைச் சொன்னதும் கால்வாய் ஆபீசுக்குள்ள நுழையணும்ங்கிறதுதான் ஆட்களுக்குக் கொடுத்த சிக்னல். பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் மூணும் படையெடுத்ததும், அமெரிக்கா பவுண்டு நாணயத்தை நெருக்கினதும் பிரிட்டன் பின்வாங்கினதும், கிருஷ்ண மேனன் லண்டன்ல நடத்தின சமரசப் பேச்சும் தனி எபிசோடு கேக்கும். அடுத்த வாரம் அதைத்தான் பேசப்போறோம்.

மஹல்லாவுக்கு மட்டும் திரும்பிடறேன். 2006 டிசம்பர்ல வாக்குறுதி கொடுத்த போனஸ் வரலைன்னு அந்த ஆலையில முதல்ல வேலையை நிறுத்தினது பெண்கள். ஆம்பளைங்க எங்கேன்னு கேட்டுக்கிட்டே ஊர்வலம் வந்தாங்கன்னு சொல்வாங்க. ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் சேர்ந்து ஜெயிச்சாங்க. 2008 ஏப்ரல் 6ல மறுபடி போராட்டம்னு அறிவிச்சப்போ போலீஸ் ஊரையே சுத்தி வளைச்சுச்சு. ரொட்டி விலை, சம்பளம் ரெண்டுக்காகவும் தெருவுல இறங்கின சனம் முபாரக்கோட போஸ்டரைக் கிழிச்சு மிதிச்சது. அந்தத் தேதியைப் பேரா வச்சுக்கிட்ட இளைஞர் இயக்கம்தான் 2011ல தஹ்ரீர் சதுக்கத்துக்குக் கூப்பிட்டவங்கள்ல ஒண்ணு. டிவியில நாம பார்த்தது பேஸ்புக் புரட்சி. அதுக்கு முன்னாடி அது பஞ்சாலைப் புரட்சி. 1984ல பஞ்சப்படிக்காக 127 நாள் வேலைநிறுத்தம் பண்ணின ஊருக்கு இது புரியும்.

இப்போ அங்க நிலைமை? 2016ல ஐ.எம்.எஃப்.கிட்ட 1,200 கோடி டாலர். 2022ல இன்னொரு கடன், அதை 2024 மார்ச்ல 800 கோடி டாலரா உயர்த்தினாங்க. அதே மாசம் எகிப்து பவுண்டை மிதக்க விட்டதும் ஒரே நாள்ல டாலருக்கு 31ல இருந்து 50 பக்கம் போயிடுச்சு. ரெடிமேட் ஏற்றுமதிக்காரனுக்கு அது லாபம், தைக்கிறவங்க கையில வாங்கற சம்பளத்துக்கு அது வெட்டு. அமெரிக்காவுக்கு வரி இல்லாம அனுப்பணும்னா 2004 ஒப்பந்தப்படி துணியில ஒரு குறிப்பிட்ட சதவீதம் இஸ்ரேல் பொருள் இருக்கணும், இப்போ அது பத்தரை சதவீதம். ஜிப், பட்டன், சாயம்னு எதையாவது வாங்கிச் சேர்த்துக் கணக்குக் காட்டறாங்க.

அதனால தம்பி, நம்ம ஆர்டர் எகிப்துக்குப் போச்சுன்னு அங்க இருக்கிற டெய்லர் மேல கோபப்படாதே. அவர் சம்பளம் என்ன, அவர் சட்டையில எந்த ஊர் ஜிப் இருக்கணும், இதெல்லாம் வேற யாரோ முடிவு பண்றாங்க. 50 சதவீதம்னு நமக்கு முடிவு பண்ணினது யாருன்னும் பார்த்துக்கோ.

கேள்விகளை அனுப்புங்க. குறிப்பா காதர்பேட்டைக்கு வந்து சரக்கெடுக்கிற ஆப்பிரிக்க நண்பர்கள்கிட்டப் பேசினவங்க, அவங்க ஊர்க் கதை எதாவது கேட்டிருந்தா வாய்ஸ் நோட்டா அனுப்புங்க. சூயஸ் எபிசோடுக்கு அடுத்து அதை வச்சு ஒண்ணு செய்யலாம்னு இருக்கேன். அடுத்த வாரம் பார்ப்போம்.